ஓவனில் சுடும் கோழிக்கு மொறுமொறுப்பான கோட்டிங்: எதைத் தேர்ந்தெடுப்பது?

கோழியை எண்ணெயில் பொரிக்காமல் ஓவனில் சுட்டு, பொரித்ததைப் போன்ற மொறுமொறுப்பான மேலோட்டை அதற்குக் கொடுக்க நினைப்பவர்கள் முதலில் கேட்பது எந்த மசாலாவைச் சேர்ப்பது என்பதைத்தான். சுவையைப் பொறுத்தவரை அது சரியான கேள்வி; மொறுமொறுப்பைப் பொறுத்தவரை அது கடைசியாகக் கேட்க வேண்டிய கேள்வி. மேலோடு நிற்குமா நமத்துப்போகுமா என்பதைத் தீர்மானிப்பவை வேறு: எந்தத் தூளைப் பயன்படுத்துகிறோம், அதை எதைக் கொண்டு இறைச்சியில் ஒட்டுகிறோம், கொழுப்பை எந்தக் கட்டத்தில் சேர்க்கிறோம், நீராவி வெளியேற வழி விட்டிருக்கிறோமா. கடையில் வாங்கும் தயார் கலவை, பிரெட் தூள், பாங்கோ, கார்ன்ஃபிளேக்ஸ், ரவை, அரிசி மாவு, அவல் என்று கைக்கு எட்டும் வழிகள் பல இருப்பதால், இந்தக் கேள்விகளை முன்வைத்து ஒவ்வொன்றையும் எடைபோடுவதே இங்கு நோக்கம்.

முதலில் ஓவனுக்கும் எண்ணெய்ச் சட்டிக்கும் உள்ள வேறுபாட்டைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். 175 டிகிரி செல்சியஸ் அளவில் காய்ந்த எண்ணெயில் மாவு தோய்த்த துண்டு விழுந்த கணத்திலேயே மேற்பரப்பிலுள்ள நீர் கொதித்து ஆவியாகிச் சீறிக்கொண்டு வெளியேறுகிறது; சில நிமிடங்களில் மேலோடு இறுகிவிடுகிறது. ஓவனில் 200 டிகிரி வைத்தாலும், காற்று எண்ணெயைப் போல விரைவாக வெப்பத்தைக் கொண்டுசேர்ப்பதில்லை. கோழி இறைச்சியின் எடையில் ஏறக்குறைய முக்கால் பங்கு நீர். சூடேறச் சூடேற அது கசிந்து மேலே வந்து தூளுக்குள் ஊறுகிறது. மேலோட்டில் ஈரம் நிற்கும் வரை அதன் வெப்பநிலை 100 டிகிரியைச் சுற்றியே தங்கிவிடும். பொன்னிறத்தையும் வறுத்த மணத்தையும் தரும் மெயிலார்ட் வினையோ 140 டிகிரிக்கு மேல்தான் நன்றாக வேகம் பிடிக்கிறது. அந்த வெப்பத்தை மேலோடு எட்டுவதற்குள் உள்ளே இறைச்சி வெந்து, வறண்டும் போயிருக்கும். ஆகவே பச்சை மாவை ஓவனுக்குள் மொறுமொறுப்பாக்குவது கடினம். ஏற்கெனவே காய்ந்து மொறுமொறுப்பாக இருக்கும் ஒன்றை, இறைச்சி வேகும் வரை ஈரத்திலிருந்து காப்பாற்றுவது எளிது. நான் எல்லாத் தேர்வுகளையும் இந்த ஓர் அளவுகோலால்தான் பார்க்கிறேன்.

கடைக் கலவையா, வீட்டுக் கலவையா

இந்த வகைச் சமையலைப் பரவலாக்கியது அமெரிக்காவின் ஜெனரல் ஃபுட்ஸ் நிறுவனம் 1965-இல் விற்பனைக்குக் கொண்டுவந்த ‘ஷேக் அண்ட் பேக்’ என்ற தயார் கலவை. இன்று அது கிராஃப்ட் ஹைன்ஸ் நிறுவனத்தின் கையில் இருக்கிறது. கோழித் துண்டை நீரில் நனைத்து, கலவை கொட்டிய பையில் போட்டுக் குலுக்கி, டிரேயில் அடுக்கி ஓவனில் வைத்துவிடுவதுதான் முழு வேலையும். முட்டை தேவையில்லை, எண்ணெய் தெளிக்க வேண்டியதில்லை, கையும் அதிகம் அழுக்காவதில்லை. வேலை முடிந்து வந்து அரை மணி நேரத்தில் சமைத்தாக வேண்டிய வீடுகளை மனத்தில் வைத்து வகுத்த முறை என்பது அதன் ஒவ்வொரு படியிலும் தெரிகிறது.

அதன் உள்ளடக்கத்தைக் கவனித்தால் வீட்டுக் கலவைக்கான பாடம் அதிலேயே கிடைக்கும். கோதுமையால் ஆன தூள், உப்பு, எண்ணெய், சர்க்கரை, மிளகாய்க் குடும்பத்தைச் சேர்ந்த நிறம் தரும் பாப்ரிகா, வெங்காயம், பூண்டு ஆகியவற்றின் வாசனை ஆகியவைதான் அதன் அடிப்படை. இங்கே முக்கியமானது எண்ணெய். வீட்டில் இதைப் படியெடுக்க முயல்பவர்கள் பலர் மசாலாப் பட்டியலை ஒன்றுவிடாமல் சேகரித்துவிட்டு இந்த எண்ணெயை விட்டுவிடுகிறார்கள். விளைவாக அவர்களுடைய கோழியின் மேல் வெள்ளைத் திட்டுகளாகப் பச்சை மாவு தங்கிவிடுகிறது.

கடைக் கலவையின் பக்கம் சொல்ல வேண்டியவை இரண்டு: ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி வரும், சமையல் பழகாதவர் கையிலும் வரும். எதிராகச் சொல்ல வேண்டியவை அதைவிடக் கூடுதல். உப்பின் அளவு நம் கையில் இல்லை. தூள் மிக நைசாக இருப்பதால் கடிக்கும்போது நொறுங்கும் ஓசை குறைவு. மெல்லிய தோல் போன்ற ஒரு படலம்தான் கிடைக்கும். சர்க்கரை நிறத்தைச் சீக்கிரம் கொண்டுவருகிறது. ஆனால் நிறம் வந்துவிட்டதைப் பார்த்து வெந்துவிட்டதாக எண்ணி எடுத்துவிடும் ஆபத்தும் அதனாலேயே வருகிறது. அமெரிக்காவிலோ கனடாவிலோ வசிக்கும் தமிழர்களுக்கு இது பக்கத்துக் கடைப் பொருள். சென்னையிலோ மதுரையிலோ இருப்பவருக்கு இறக்குமதிக் கடையில் தேடிப்பிடிக்க வேண்டிய பொருள். எப்படியானாலும், வீட்டிலேயே கால் மணி நேரத்தில் இதைவிடச் சிறந்த ஒன்றைச் செய்ய முடியும் என்பதால், அவசரத்துக்கு ஒரு பெட்டி வைத்துக்கொள்வதைத் தாண்டி இதற்கு நான் பரிந்துரை தரமாட்டேன்.

எந்தத் தூள்

மைதாவையும் கார்ன்ஃப்ளோரையும் மட்டும் பூசுவது எண்ணெயில் பொரிக்கும் கோழிக்கு உரிய முறை. அதை ஓவனுக்குக் கொண்டுவருவது இந்தத் துறையில் அடிக்கடி நடக்கும் தவறான மாற்றம். பொரிக்கும்போது மாவைச் சுற்றி எண்ணெய் நிறைந்திருக்கும். ஓவனில் மாவு இறைச்சியின் நீரை உறிஞ்சிக் கூழாகி, பிறகு தோல்போல் காய்கிறது. தாராளமாக நெய்யோ வெண்ணெயோ உருக்கிய டிரேயில் துண்டுகளை வைத்துத் திருப்பிப் போட்டுச் சுட்டால் மாவுப் பூச்சும் ஓரளவு மொறுமொறுப்பாகும். அந்த அளவு கொழுப்பை ஊற்றுவதானால் ஓவனை நாடியதன் நோக்கமே பாதி அடிபட்டுப்போகிறது. எனவே மாவை முதல் அடுக்காக மட்டும் வைத்துக்கொள்ளலாம், மேலடுக்காக வேண்டாம்.

சாதாரண பிரெட் தூள் எங்கும் கிடைப்பது, மலிவானது, நம் கைக்குப் பழகியது. தமிழ்நாட்டுக் கட்லெட்டுக்கும் இலங்கை ரோல்ஸுக்கும் அதைத்தான் புரட்டி எடுக்கிறோம். பழைய பிரெட் துண்டுகளை 120 டிகிரி ஓவனில் நிறம் மாறாமல் காயவைத்து, மிக்ஸியில் விட்டுவிட்டு அடித்தால் போதும். ஒரே மூச்சில் அடித்தால் மாவாகிவிடும். அப்படி மாவானது ஓவனில் மாவைப் போலவே நடந்துகொள்ளும். கல் உப்பு அளவுக்குக் கொரகொரவென்று இருக்கும் தூளே மேலோட்டில் காற்றிடைவெளியை விடும். நீராவி வெளியேறுவது அந்த இடைவெளிகள் வழியாகத்தான். ஆகவே கொரகொரப்பு என்பது வாய்க்கு மட்டும் உரிய விஷயமாக இல்லாமல், மேலோடு காயும் வேகத்தையே மாற்றுகிறது. கடையில் பொட்டலமாக விற்கும் ரஸ்க் தூளை வாங்கும்போது ஒரு விஷயத்தைப் பார்க்க வேண்டும்: டீக்குத் தொட்டுக்கொள்ளும் இனிப்பு ரஸ்க்கை அரைத்ததாக இருந்தால் அதிலுள்ள சர்க்கரை 200 டிகிரியில் கறுத்துவிடும், வாயிலும் பொருந்தாத இனிப்பு தங்கும்.

பாங்கோ என்பது ஜப்பானிய பிரெட் தூள். வெள்ளைப் பாங்கோவுக்கான பிரெட்டை வழக்கமான அடுப்பில் சுடுவதில்லை. மாவுக்குள் மின்சாரத்தைப் பாய்ச்சி, அந்த வெப்பத்தில் வேகவைக்கிறார்கள். ஆகையால் பழுப்பு நிறப் பொறுக்கு உண்டாவதில்லை. முழுவதும் வெள்ளையான, துளைகள் நிறைந்த பிரெட் கிடைக்கிறது. அதைத் துருவும்போது உருண்டையான துகளுக்குப் பதில் நீளமான, ஒழுங்கற்ற சில்லுகள் உதிர்கின்றன. ஒரு கப் சாதாரண பிரெட் தூள் ஏறக்குறைய 110 கிராம் எடையிருந்தால் ஒரு கப் பாங்கோ 50 முதல் 60 கிராம்தான் இருக்கும். அவ்வளவு காற்று அதில் அடைந்திருக்கிறது. இந்த அமைப்பு ஓவனுக்கு மிகப் பொருத்தமானது, ஒரு குறையைத் தவிர. வெண்மையான பிரெட்டிலிருந்து வருவதால் அது எளிதில் நிறம் பிடிப்பதில்லை. நெஞ்சுக்கறித் துண்டு வேக ஆகும் பதினைந்து இருபது நிமிடங்களில் பாங்கோ வெளிறியபடியே இருக்கும். நிறத்துக்காகக் காத்திருந்தால் கறி நாராகிவிடும். இதற்குத் தீர்வு எளிது: கோழியில் ஒட்டுவதற்கு முன்பே, 100 கிராம் பாங்கோவுக்கு இரண்டு மேசைக்கரண்டி எண்ணெய் அல்லது உருக்கிய வெண்ணெய் விட்டு, வாணலியில் மிதமான தீயில் கிளறி, இளம் பொன்னிறம் வந்ததும் அகலமான தட்டில் கொட்டி ஆறவிட வேண்டும். இதைச் செய்த பாங்கோவையும் செய்யாத பாங்கோவையும் ஒரே டிரேயில் சுட்டுப் பார்த்தால் இரண்டும் ஒரே பொருள் என்று நம்புவது கடினம்.

கார்ன்ஃபிளேக்ஸைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். ஏனெனில் இந்தப் போட்டியில் பலரும் குறைத்து மதிப்பிடுவது அதைத்தான். மிச்சிகன் மாநிலத்தின் பேட்டில் கிரீக் நகரில் கெல்லாக் சகோதரர்கள் 19-ஆம் நூற்றாண்டின் கடைசிப் பத்தாண்டில் தானியத்தை வேகவைத்து, உருளைகளுக்கிடையில் தகடாக நசுக்கி, வறுத்தெடுக்கும் முறையைக் கண்டடைந்தார்கள். 1906-இல் அது தனி நிறுவனமாயிற்று. அந்தச் செய்முறையைக் கவனியுங்கள்: தானியம் முன்பே வெந்துவிட்டது, தகடாகிவிட்டது, வறுபட்டும்விட்டது. ஓவனில் நாம் சாதிக்க நினைக்கும் மொறுமொறுப்பைத் தொழிற்சாலை முன்கூட்டியே முடித்துக் கொடுத்திருக்கிறது. அதனால்தான் வாணலியில் வறுக்கும் வேலை கூட இல்லாமல் அது நொறுங்கும் மேலோட்டைத் தருகிறது. பாலில் போட்டாலும் சற்று நேரம் தாக்குப்பிடிக்கும் பொருள், கோழியின் கசிவையும் அதே போலத் தாங்குகிறது.

குறை இருக்கிறது. கார்ன்ஃபிளேக்ஸில் சர்க்கரையும் மால்ட்டும் சேர்ந்திருப்பதால் 200 டிகிரிக்கு மேல் சீக்கிரம் கருகும். எலும்புடன் கூடிய பெரிய லெக் பீஸுக்கு நாற்பது நிமிடத்துக்கு மேல் வேண்டியிருப்பதால், அதற்கு 190 டிகிரியைத் தாண்டாமல் சுட வேண்டும், கடைசிப் பத்து நிமிடம் கண்காணிக்கவும் வேண்டும். தேன், பாதாம் சேர்த்த வகைகளை இந்த வேலைக்கு வாங்கக் கூடாது. இன்னொன்று: சோளத்தில் குளூட்டன் (கோதுமை போன்ற தானியங்களிலுள்ள ஒரு புரதம்) இல்லை என்று நம்பி, கோதுமை ஒவ்வாதவர்களுக்கு இதைச் செய்து கொடுப்பவர்கள் உண்டு. பல பிராண்டுகளில் சேரும் மால்ட் பார்லியிலிருந்து வருவது; பார்லியில் குளூட்டன் உண்டு. பெட்டியின் மேல் தெளிவாகக் குறிப்பிடப்பட்டிருந்தால் ஒழிய அவர்களுக்குத் தரலாகாது. நொறுக்கும் அளவும் முக்கியம். கையால் பிசைந்து, அரிசிக் குருணையை விடச் சற்றுப் பெரிதாக நிறுத்திக்கொள்ள வேண்டும். முழுத் தகடாக விட்டால் வளைந்த துண்டில் ஒட்டாமல் உதிரும்.

ரவையை ஓவனுக்குப் பரிந்துரைப்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. மீனை ரவையில் புரட்டிக் கல்லில் பொரிப்பது கேரளத்திலும் மங்களூர்ப் பக்கத்திலும் அருமையாக வருகிறது; அங்கே கல்லில் எண்ணெய் இருக்கிறது, மீனும் மெல்லியது. ஓவனின் உலர்ந்த சூட்டில் ரவை வேகாமல் காய்ந்து, பல்லில் மணல்போல் நெறிபடுகிறது. பிரெட் தூளோடு நான்கில் ஒரு பங்கு கலந்தால் கொரகொரப்பு கூடும். அதற்கு மேல் வேண்டாம். அரிசி மாவுக்கும் இதே நிலைதான்: தனியாகப் பூசினால் வெள்ளையாகக் கெட்டிப்படும், முதல் அடுக்கில் மைதாவுக்குப் பதிலாகத் தூவினால் குளூட்டன் இல்லாததால் இழுவை இல்லாமல் நறுக்கென்று நிற்கும். ஓட்ஸ் மெல்ல வேண்டியதாகிவிடுகிறது. உடல்நலக் காரணத்துக்காக அதைத்தான் சாப்பிட வேண்டும் என்பவர்களுக்கு ஆட்சேபணை சொல்வதற்கில்லை, மொறுமொறுப்பு என்ற பெயரில் மட்டும் அதை நம்ப வேண்டாம்.

குளூட்டன் இல்லாமல் செய்ய வேண்டியவர்களுக்கும் பாங்கோவுக்கு விலை கொடுக்க மனமில்லாதவர்களுக்கும் நான் சொல்வது மெல்லிய அவல். மிக்சருக்கு வறுப்பது போல, கொஞ்சம் எண்ணெய் விட்டுச் சிறு தீயில் வறுத்து, கையில் எடுத்தால் பொடியும் பக்குவம் வந்ததும் இறக்கி, உள்ளங்கையால் நொறுக்கிக்கொண்டால் கார்ன்ஃபிளேக்ஸுக்கு நெருங்கிய ஒன்று கிடைக்கும். சர்க்கரை இல்லாததால் கருகும் பயம் குறைவு. ஆனால் அவல் நீரைக் கண்டால் நொடியில் ஊறும் தன்மையது. ஆகவே இதை ஒட்டிய பிறகு துண்டுகளைக் காத்திருக்க வைக்காமல் உடனே சூடான ஓவனுக்குள் தள்ள வேண்டும், ஒட்டுவதற்கும் தண்ணீர்ப் பசையைத் தவிர்க்க வேண்டும்.

எதைக் கொண்டு ஒட்டுவது

தண்ணீரில் நனைத்து ஒட்டும் முறை நைசான தூளுக்கு மட்டுமே பொருந்தும்; பாங்கோவும் கார்ன்ஃபிளேக்ஸும் அதில் நிற்காது. மாவு, அடித்த முட்டை, தூள் என்று மூன்று தட்டுகளை வரிசையாக வைத்துப் புரட்டும் முறை உணவகச் சமையலறைகளில் நிலைபெற்ற முறை. மாவு இறைச்சியின் ஈரத்தைப் பிடிக்கிறது, முட்டை மாவைப் பிடிக்கிறது, தூள் முட்டையைப் பிடிக்கிறது. வெந்ததும் முட்டையின் புரதம் இறுகி எல்லாவற்றையும் பூட்டிவிடுகிறது. உறுதிக்கு இதற்கு மேல் எதுவுமில்லை. ஒரு கையை ஈரத்துக்கும் மறு கையை உலர்ந்ததற்கும் ஒதுக்கிக்கொள்ளாவிட்டால் விரலெல்லாம் கோட்டிங் ஏறிவிடும் என்பதும், மூன்று தட்டு கழுவ வேண்டும் என்பதும்தான் இதன் விலை.

மயோனைஸ் முறை மேலை நாட்டு வீடுகளில் நெடுநாளாக வழங்குவது. துண்டின் மேல் மெல்லிதாகத் தடவி, நேராகத் தூளில் அழுத்திவிட்டால் போதும். அமெரிக்க விதிப்படி மயோனைஸ் என்ற பெயரில் விற்க வேண்டுமானால் அதன் எடையில் குறைந்தது 65 விழுக்காடு தாவர எண்ணெய் இருக்க வேண்டும்; ஆக, ஒட்டும் பொருளே தூளுக்கு அடியிலிருந்து எண்ணெயைக் கொடுத்து வறுக்கிறது. வேலைக்கும் பலனுக்கும் உள்ள விகிதத்தில் இதை வெல்வது கடினம். தமிழ்நாட்டில் 2025 ஏப்ரலில் பச்சை முட்டையால் செய்த மயோனைஸுக்கு ஓராண்டுத் தடை விதிக்கப்பட்டதை வாசகர்கள் நினைவில் வைத்திருக்கலாம். அந்த அச்சம் வெப்பம் காணாமல் உண்ணப்படும் மயோனைஸைப் பற்றியது. கடைகளில் பரவலாக விற்கும் முட்டையில்லா மயோனைஸையே ஓவனில் பயன்படுத்தலாம். வாங்கும்போது எண்ணெயின் பங்கைப் பார்த்து வாங்குங்கள். கொழுப்பைக் குறைத்து நீரும் ஸ்டார்ச்சும் ஏற்றிய வகைகள் இங்கே வேலைக்கு உதவா.

தயிரைப் பற்றித்தான் நம்மவர்களிடம் அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. தயிர், இஞ்சி பூண்டு விழுது, மிளகாய்த்தூள் எல்லாம் பிசைந்து இரவு முழுவதும் ஊறவைத்த கோழியை அப்படியே எடுத்துத் தூளில் புரட்டும் வழக்கம் பரவலாக உண்டு. தந்தூரிக்கு அந்த ஊறல் தேவை. அங்கே மேலோடு கிடையாது. கோட்டிங் போட்ட கோழியில் அந்தத் தயிர்ப் படலம் முழுவதும் நீர்த் தேக்கமாக நின்று தூளை அடியிலிருந்து நனைத்துக்கொண்டே இருக்கும். ஊறவைத்த மென்மையை விட மனமில்லையென்றால், ஊறிய துண்டை நன்றாக வழித்து, தாளால் ஒற்றி எடுத்து, பிறகு முட்டையிலோ மயோனைஸிலோ தொடங்குங்கள். தயிரால்தான் ஒட்ட வேண்டுமென்றால் துணியில் கட்டித் தொங்கவிட்டு நீர் வடித்த கெட்டித் தயிரில் ஒரு கரண்டி எண்ணெய் கலந்து மெல்லிதாகத் தடவலாம்.

உப்பும் மசாலாவும்

உப்பைத் தூளில் கொட்டுவதை விட இறைச்சியில் போடுவதே முறை. எலும்பில்லாத ஒரு கிலோ கறிக்கு 10 முதல் 12 கிராம் உப்புத் தடவி, மூடாமல் ஃபிரிட்ஜில் சில மணி நேரம் வைத்தால், உப்பு உள்ளே இறங்குவதோடு மேற்பரப்பும் காய்கிறது. கோட்டிங்குக்கு இதைவிட நல்ல அடித்தளம் இல்லை. உப்பு ஈரத்தை இழுக்கும் பொருள் என்பதால் தூளில் அதன் பங்கு குறையக் குறைய மொறுமொறுப்பு நீடிக்கிறது. எண்ணெயில் வறுத்த 100 கிராம் தூளுக்கு அரைத் தேக்கரண்டி உப்பு, ஒரு தேக்கரண்டி காஷ்மீரி மிளகாய்த்தூள் அல்லது பாப்ரிகா, அரைத் தேக்கரண்டி மிளகுத்தூள், ஒரு தேக்கரண்டி வெங்காயப் பொடி, அரைத் தேக்கரண்டி பூண்டுப் பொடி, கையில் கசக்கிய உலர்ந்த ஓரிகானோ அல்லது தைம் ஒரு தேக்கரண்டி என்பது அமெரிக்கக் கடைக் கலவையின் சுவைக்கு அருகில் நிற்கும் விகிதம். இவற்றைத் தூள் ஆறிய பிறகே கலக்க வேண்டும். வாணலிச் சூட்டில் சேர்த்தால் பூண்டுப் பொடியும் மிளகாய்த்தூளும் ஓவனுக்குப் போகும் முன்பே கசந்துவிடும். கரம் மசாலா, மல்லித்தூள், மஞ்சள் ஆகியவை எண்ணெயில் வதங்கி ருசி காட்டும் பொருள்கள். உலர்ந்த தூளில் அவை பச்சை வாசனையோடு நின்றுவிடுவதால், அவற்றை விரும்புகிறவர்கள் உப்போடு சேர்த்து இறைச்சியில் தடவிவிடுவது நல்லது. ஈரமான இஞ்சி பூண்டு விழுதுக்கும் அதே இடம்தான்.

துண்டு, டிரே, ஓவன்

தமிழ்நாட்டுக் கறிக்கடையில் தோல் உரித்த கோழிதான் வழக்கம். இந்தச் சமையலுக்கு அது நல்லதே. தோலின் கொழுப்பு உருகி வெளியேற நேரம் வேண்டும். மேலே கோட்டிங் இருந்தால் அந்தக் கொழுப்பு அடியில் சிக்கித் தோல் ரப்பராகிவிடும். தோலோடு சுட விரும்புகிறவர்கள் கோட்டிங்கைக் கைவிட்டு, உப்பும் சிறிதளவு பேக்கிங் பவுடரும் மட்டும் தடவி, தோலையே மொறுமொறுப்பாக்கலாம். பேக்கிங் பவுடரால் தோலின் காரத்தன்மை (அமிலத்துக்கு எதிரான தன்மை) ஏறினால் தோல் விரைவில் சிவக்கும். அது வேறு பண்டம். எலும்பில்லாத தொடைக்கறி வேகும் நேரமும் மேலோடு காயும் நேரமும் நன்றாக ஒத்துப்போகின்றன. 200 டிகிரியில் இருபது முதல் இருபத்தைந்து நிமிடங்கள். நெஞ்சுக்கறியானால் தடித்த பாகத்தைத் தட்டிச் சமமாக்க வேண்டும். எந்தத் துண்டானாலும் நடுப்பகுதி 74 டிகிரியை எட்ட வேண்டும் என்பது அமெரிக்க வேளாண் துறை சொல்லும் பாதுகாப்பு அளவு. தொடைக்கறி 80 டிகிரியைத் தாண்டினால்தான் மென்மையாக இருக்கும். நிறத்தை நம்பாமல் வெப்பமானியை நம்புவது, தூளை முன்பே வறுத்துவிட்டவர்களுக்கு இன்னும் அவசியம்.

டிரேயின் மேல் கம்பி வலை வைத்து அதன்மேல் துண்டுகளை இடைவெளி விட்டு அடுக்க வேண்டும். வெறும் டிரேயில் வைத்தால் அடிப்பக்கம் சொந்தச் சாற்றிலேயே வெந்து, மேலே மொறுமொறுப்பும் கீழே களியுமாகும். வலை இல்லாதவர்கள் டிரேயை ஓவனுக்குள்ளேயே சூடேற்றி, எண்ணெய் தடவி, அதில் வைத்துப் பாதி நேரத்தில் திருப்பலாம். கொஞ்சம் தூள் உதிர்வதைப் பொறுத்துக்கொள்ள வேண்டியிருக்கும். நம் வீடுகளில் இருக்கும் சிறிய மின்சார ஓவனான ஓ.டி.ஜி.யில் கம்பிச் சுருள் துண்டுக்கு மிக அருகில் இருப்பதால், நடுத்தட்டில் வைத்து, விசிறி இருந்தால் ஓடவிட்டு, பத்து டிகிரி குறைத்துக்கொள்வது நல்லது. ஏர் ஃபிரையரின் வேகமான காற்று ஈரத்தை நன்றாக அடித்துச்செல்கிறது. இரண்டு பேருக்கான சமையலுக்கு ஓவனை விட அதுவே மேல். ஆனால் அந்தக் காற்றில் லேசான பாங்கோ சில்லுகள் பறந்து சுருளில் பட்டுக் கருகும் என்பதால், நன்றாக அழுத்தி ஒட்டி, மேலே எண்ணெய் தெளித்த பிறகே உள்ளே வைக்க வேண்டும்.

யாருக்கு எது

பாங்கோ கிடைக்கும், மூன்று தட்டு கழுவத் தயக்கமில்லை, விருந்தினர் வருகிறார்கள் என்றால் வறுத்த பாங்கோவும் முட்டையும் சேர்ந்த வழியே சிறந்தது. அதன் மேலோடு மேசைக்கு வந்து அரை மணி நேரம் ஆனாலும் நிற்கும். வார நாளில், பிள்ளைகளுக்கு, ஒரே பாத்திரத்தில் முடிய வேண்டுமென்றால் மயோனைஸும் நொறுக்கிய கார்ன்ஃபிளேக்ஸும். எனக்குப் பிடித்ததும் இந்த இரண்டாவதுதான். முதலாவது சற்று நயமானது என்பதை ஒப்புக்கொண்டாலும், அந்த நயத்துக்காக ஆகும் கூடுதல் வேலையை வாரந்தோறும் செய்ய யாரும் இல்லை. செலவைச் சுருக்க வேண்டியவர்களுக்கு வீட்டில் காயவைத்த கொரகொரப்பான பிரெட் தூளை எண்ணெயில் வறுத்தெடுத்தது இவற்றுக்கு அதிகம் பின்தங்கியதில்லை. குளூட்டன் கூடாதவர்களுக்கு வறுத்த அவலும் முதல் அடுக்குக்கு அரிசி மாவும். நான்கு வழிகளிலும் தூள் ஓவனுக்குள் போகும் முன்பே காய்ந்து கொழுப்பைக் கண்டிருக்கிறது என்பதைக் கவனிக்கலாம்.

கடைப் பெட்டியின் வசதியை விட மனமில்லாதவர்கள், காய்ந்த தூளையும் மசாலாவையும் மட்டும் எண்ணெயில்லாமல் கலந்து காற்றுப் புகாத டப்பாவில் ஓரிரு மாதம் வைத்துக்கொள்ளலாம். எண்ணெயில் வறுத்ததை வைத்தால் நாளடைவில் சிக்கு வாடை வரும். அதை ஃபிரிட்ஜில் வைத்து ஒரு வாரத்துக்குள் தீர்த்துவிட வேண்டும். தேவையான அளவை மட்டும் தனித் தட்டில் எடுத்துப் புரட்டுங்கள். பச்சைக் கோழி பட்ட மிச்சத் தூளைத் திரும்ப டப்பாவில் போடலாகாது, அதைக் கொட்டிவிட வேண்டும். சுட்டு முடித்த துண்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாகக் குவித்து மூடினால் சொந்த ஆவியிலேயே ஐந்து நிமிடத்தில் நமத்துவிடும். வலையின் மேலேயே ஆறட்டும். மறுநாள் சூடுபடுத்த மைக்ரோவேவ் உதவாது. ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த துண்டுகளை மீண்டும் வலையில் வைத்து 180 டிகிரியில், நடுப்பகுதி வரை நன்றாகச் சூடேறும்படி பத்துப் பன்னிரண்டு நிமிடம் வைத்தால், மேலோடு ஏறக்குறைய முதல் நாளைப் போலவே திரும்பும்.